அரைப்பாட்டு

ஓவி மெலான்சோன் உட்கார்ந்து சாப்பிட்டு நான் பார்த்தது மொத்தம் நான்கு தடவை. அதில் இரண்டு தடவை அவன் காலில் மாவுக்கட்டு போட்டிருந்தார்கள். மற்ற நாளெல்லாம் தட்டைக் கையில் ஏந்திக்கொண்டு அடுப்படிக்கும் வாசலுக்குமாக நடந்தபடிதான் சாப்பாடு. குழம்பு வழியெல்லாம் சிந்தும். என் அக்கா யூலா துணியை எடுத்துக்கொண்டு பின்னாலேயே போவாள். "புருஷனைக் கட்டிக்கிட்டேன்னு நெனச்சேன் பெர்சி, காத்தாடியைக் கட்டிக்கிட்டிருக்கேன்" என்பாள்.

நான் அவனுக்கு மச்சான். அதோடு ஐம்பது வருஷம் மேடையில் அவனுக்கு இடப்பக்கம் நின்று சாக்ஸபோன் ஊதியவன். ஏன் இடப்பக்கம் என்பதைப் பிறகு சொல்கிறேன். அதில்தான் விஷயமே இருக்கிறது.

இசைத்தட்டுகளில் அவன் பெயர் ரிக்கி லேன். அந்தப் பெயரை அவனுக்கு வைத்தவர், டெக்சாஸுக்குக் கிழக்கே இருக்கும் எங்கள் ஊர் ரேடியோக் கடைக்காரர். கடைக்குப் பின்னால் முட்டை அட்டைகளைச் சுவரில் ஒட்டி ஓர் ஒலிப்பதிவு அறை வைத்திருந்தார். "மெலான்சோன்னு போட்டா டெக்சாஸ்ல எவன் வாய்ல நுழையும்?" என்று சொல்லிவிட்டு, சுவரில் தொங்கிய காலண்டரை நிமிர்ந்து பார்த்தார். அதில் லேன் என்று ஏதோ ஒரு பெயர் இருந்தது. ரிக்கி அவராகச் சேர்த்தது. காபி ஆறுவதற்குள் முடிந்துவிட்டது பெயர்சூட்டு விழா. எனக்கும் ஒரு பெயர் வைக்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. ஓவியின் அப்பா, எங்கள் பக்கத்து வயல்காரர், நெல் வயலிலிருந்து சேற்றுக் காலோடு வந்து அந்தத் தட்டைக் கேட்டார். "பாட்டு நல்லாருக்கு. யாருடா இந்த ரிக்கி?" என்றார்.

நாங்கள் பாடியதற்குச் சதுப்பு நிலப் பாப் இசை என்று வெளியூர்க்காரன் எவனோ பின்னால் ஒரு பெயர் வைத்தான். எங்களுக்கு அது வெறும் டான்ஸ் பாட்டு. பியானோ மூன்று மூன்றாகத் தட்டிக்கொண்டே போகும், இரண்டு சாக்ஸபோன் பின்னால் அழும், பாடுகிறவன் தன்னை விட்டுப் போன பெண்ணை நினைத்து உருகுவான். வார்த்தையெல்லாம் ஆங்கிலம். நாங்கள் பிரெஞ்சுக்காரர் வழிவந்த குடியானவர்கள், வீட்டில் பேசியது பிரெஞ்சுதான், ஆனால் பள்ளிக்கூடத்தில் அந்த மொழியில் ஒரு சொல் வாயிலிருந்து விழுந்தால் அரிசியைத் தரையில் பரப்பி முட்டி போட வைப்பார்கள். நானும் ஓவியும் பக்கத்தில் பக்கத்தில் முட்டி போட்டவர்கள். முட்டியில் பதிந்த மொழியில் பாட எங்கள் வயதில் எவனுக்கும் தைரியம் வரவில்லை. பாடினால் கிழவர்கள் பாட்டு என்பார்கள்.

பிழைப்புக்கு ஓவி காஸ் டிரக் ஓட்டினான். வீடு வீடாகப் போய்க் கொல்லையில் இருக்கும் தொட்டியில் காஸ் நிரப்ப வேண்டும். அவன் பாட்டெல்லாம் பிறந்தது அந்த டிரக்கில்தான். இஞ்சின் ஓடிக்கொண்டிருக்க வேண்டும், வண்டி அதிர்ந்துகொண்டிருக்க வேண்டும், அப்போதுதான் அவனுக்கு வரி வரும். டிரக்கில் இருந்த ரேடியோவை, தொந்தரவு செய்கிறது என்று முதல் வாரமே பிடுங்கி எறிந்துவிட்டான். ரசீதுச் சீட்டின் பின்பக்கத்தில் எழுதுவான். ஒரு வரி மாட்டிக்கொண்டால் இரண்டு வீட்டைத் தாண்டிப் போய்விடுவான். ஒரு கிறிஸ்துமஸுக்கு என் மாமியார் வீட்டில் காஸ் தீர்ந்து பன்றி பாதி வெந்து நின்றது. கடைசியில் அந்தப் பாட்டும் தேறவில்லை. மாமியார் சாகும்வரை அதைச் சொல்லிக் காட்டினார்.

இனி அந்த இடப்பக்க விஷயம். எங்கள் ஊர் ஹால்களில் கைதட்ட மாட்டார்கள். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து, சாப்பிட்டுவிட்டு, இரண்டு மணிக்கு மதாம் போதுவான் ஹாலுக்கு வந்தால் ஆறு மணி வரை ஆட்டம். பாட்டு பிடித்திருந்தால் ஆடுவார்கள். பிடிக்கவில்லை என்றால் போய் உட்கார்ந்துகொள்வார்கள். அவ்வளவுதான் விமர்சனம். அக்கார்டியன் வாசித்த அவன் அப்பா சொல்லிக் கொடுத்த கணக்கு இது: ஆட்களின் முகத்தைப் பார்க்காதே, முகம் மரியாதைக்குப் பொய் சொல்லும், காலைப் பார். ஓவி அதை வேதமாகவே எடுத்துக்கொண்டான். புதுப் பாட்டு ஒன்றை எடுப்பான். இரண்டாவது அடிக்குள் தரையில் பத்து ஜோடி இல்லை என்றால் இடது கைச் சுண்டு விரல் மேலே போகும். அதை நான் பார்க்க வேண்டும், நான் நோலனைப் பார்க்க வேண்டும், நோலன் டிரம்மில் இரண்டு தட்டுத் தட்டுவான், நாங்கள் எல்லோரும் அந்தப் பாட்டை அங்கேயே போட்டுவிட்டு, ஊர் முழுக்கத் தெரிந்த எங்கள் பழைய பாட்டு 'மழை நின்னாச் சொல்லு'வுக்குத் தாவ வேண்டும். சீட்டைக் கசக்கிப் பையில் போட்டுக்கொள்வான். அந்தப் பாட்டு செத்தது.

'மழை நின்னாச் சொல்லு' ஐம்பத்தொன்பதாம் வருஷக் கோடையில் வந்தது. முதல் தடவை பாடியபோதே நாற்பது ஜோடி இறங்கிவிட்டார்கள், பலகைத் தரை தாழ்ந்து எழுந்தது. மதாம் போதுவான் கல்லாவை விட்டு ஓடி வந்து, "தரை உடைஞ்சா உன் அப்பன்கிட்டதான் வாங்குவேன் ஓவி!" என்று கத்தினாள். அந்த வருஷம் டெக்சாஸ் எல்லைவரை எந்தக் கடையில் காசு போட்டாலும் பாட்டுப் பெட்டி அதைத்தான் பாடியது. ஆறு மாதம் ஊர் ஊராக ஓடினோம். அப்புறம் இங்கிலாந்திலிருந்து தலைமுடி வளர்த்த பையன்கள் வந்தார்கள், வெளியூரில் எங்களை மறந்தார்கள். உள்ளூரில் மட்டும் மறக்கவில்லை. அதுதான் அவனைக் கொன்றது. வாரம் இரண்டு ஆட்டம், ஒவ்வொன்றிலும் அதே பாட்டு, அதே நாற்பது ஜோடி.

அவனுக்கு இன்னொன்று வேண்டும். புதுசாக ஒரே ஒரு பாட்டு, தரை நிறைய வேண்டும். வேறு எதையும் அவன் கேட்டதில்லை. இருநூறு பாட்டாவது எழுதியிருப்பான், அந்த விரல் அத்தனையையும் கொன்றது. ஆட்டம் முடிந்து நான் வாத்தியத்தைத் துடைத்துக்கொண்டிருக்கும்போது வந்து நிற்பான்.

"எத்தனை ஜோடி மச்சான்?"

"எட்டு."

"பொய் சொல்லாத."

"ஏழு. எட்டாவது, கக்கூஸுக்குப் போற வழியில ஒரு நிமிஷம் நின்னுது."

சிரிக்க மாட்டான். வெளியே போய் டிரக்கைக் கிளப்பிவிடுவான்.

யூலாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். கல்யாணத்துக்கு முன்னால் எங்கள் பக்கத்தில் அவளைப் போல வால்ட்ஸ் ஜோடி நடனம் ஆட ஆள் கிடையாது. அவளோடு ஒரு சுற்று வர ஆண்பிள்ளைகள் சுவரோரம் வரிசை கட்டி நிற்பார்கள். பாட்டுக்காரனைக் கட்டினாள், தீர்ந்தது. மேடைக்குப் பக்கத்தில் ஒரு மேசை உண்டு. வாத்தியக்காரர்களின் மனைவிமார்கள் அங்கேதான் உட்கார வேண்டும். விதவைகள் மேசை என்று கேலியாகச் சொல்வார்கள். புருஷன் மேடையில் இருக்கும்போது அவள் அந்நிய ஆணோடு ஆடினால் ஊர் பேசும். அண்ணன் தம்பியோடு ஆடலாம். அவளுக்கு இருந்த ஒரே தம்பியும் மேடையில் ஊதிக்கொண்டிருந்தான். நீல உடுப்பு, மடியில் கைப்பை, மேசைக்கு அடியில் தாளம் போடும் கால். முப்பத்தேழு வருஷம் அப்படித்தான்.

சரி, கல்யாணத்தன்றாவது ஆடினாளா? அந்தக் கதை இன்னும் மோசம். எங்கள் கல்யாணங்களில் முதல் வால்ட்ஸ் மாப்பிள்ளைக்கும் பெண்ணுக்கும் மட்டும். அவர்கள் ஒரு பாட்டு முழுக்க ஆடி முடிக்கும்வரை ஒருவரும் தரையில் கால் வைக்கக் கூடாது, எல்லோரும் சுவரோரம் நிற்க வேண்டும். பாட்டு வந்து மூன்று மாதம் ஆகியிருந்தது. ஓவியும் யூலாவும் அரைச் சுற்று வந்திருப்பார்கள். ஓரத்தில் எவனோ குடித்தவன் "மழை! மழை!" என்று கத்தினான். ஹால் முழுக்கக் கத்த ஆரம்பித்தது. இந்த மடையன் அவள் கையை விட்டுவிட்டு ஒரே தாவலில் மேடை ஏறி மைக்கைப் பிடித்துவிட்டான். வெள்ளை உடுப்போடு நடுத்தரையில் தனியாக நின்றாள் அக்கா. எங்கள் அப்பா போய்க் கையைப் பிடித்து மிச்சச் சுற்றை முடித்து வைத்தார். எனக்கு அன்று அவனை அடிக்கவேண்டும் போல இருந்தது. அடிக்கவில்லை, ஊதினேன்.

தொண்ணூற்றாறு கோடையில் ஒருநாள் யூலா பெட்டியைக் கட்டினாள். டெக்சாஸில் இருந்த மகள் ஜனெல் வீட்டுக்குக் கிளம்பிவிட்டாள். என்ன சண்டை என்று கேட்டேன்.

"சண்டையா? சண்டை போட ஆளு ஒரு எடத்துல நிக்கணும்ல. உக்காந்து பேசற மனுஷங்க இருக்கற வீட்டுல கொஞ்ச நாள் இருந்துட்டு வரேன்."

ஏழு வாரம் வரவில்லை. ஓவி சோற்றைக் கருக்கினான், தேநீர்ப் பாத்திரத்தைக் கருக்கினான். எங்கள் வீட்டுக்கு வந்து கூடத்தில் குறுக்கும் நெடுக்குமாக நடந்தான். என் பெண்டாட்டி, "தரைவிரிப்பு தேயுது, வெளியில நடங்க" என்று கதவைத் திறந்து விட்டாள். அப்புறம் ஒரு நாள் மத்தியானம் டிரக்கை எங்கள் வாசலில் நிறுத்தினான். இஞ்சினை அணைக்கவில்லை. ஹாரனை அடித்து என்னைப் பக்கத்தில் ஏறச் சொன்னான்.

"இதைக் கேளு."

பாடினான். வால்ட்ஸ். பிரெஞ்சு. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"பிரெஞ்சுலயா? ரிக்கி லேனா?"

"வேற எதுலயும் வரமாட்டேங்குது. ஆறு தடவை இங்கிலீஷுல எழுதிக் கிழிச்சுட்டேன். நான் என்னடா பண்ணட்டும்?"

"மீதியையும் பாடு."

"மெட்டு மட்டும் கேட்டுக்க. மீதி அவளுக்கு."

அவன் பாடிக்காட்டிய வரிகள் சுமாராக இப்படி வரும்:

மேடை ஓரம் ஒத்த நாற்காலி
அதுல உக்காந்து போச்சு உன் காலம்
ஊரை ஆட வச்ச மனுஷன்
உன் கையைப் பாதியில விட்டவன்

எந்திரி யூலா, இந்தத் தடவை...

அக்டோபரில் யூலா திரும்பினாள். அந்த ஞாயிற்றுக்கிழமையே பாடப் போவதாக ஓவி சொன்னான். அன்று காலையிலிருந்து அவன் கால் தரையில் பாவவில்லை. சட்டையை மூன்று தடவை மாற்றினான். பூசையில் பாதியில் எழுந்துபோய் வெளியே நடந்துவிட்டு வந்தான். ஹாலில் ரேடியோக்காரன் லெஸ்டர் வழக்கம்போல மேடைக்குக் கீழே தன் பெட்டிகளோடு உட்கார்ந்திருந்தான். ஞாயிறு ஆட்டம் நேரடியாக ஒலிபரப்பாகும். யூலா நீல உடுப்பில், தன் நாற்காலியில்.

நான்கு மணி வாக்கில் ஓவி என்னைப் பார்த்துத் தலையசைத்தான். நான் எடுத்துக் கொடுத்தேன். வால்ட்ஸ் என்றதும் முப்பது ஜோடி இறங்கியது, எனக்கு மனசு நிறைந்தது. அவன் வாயைத் திறந்தான். முதல் வரியிலேயே ஜன்னலோரம் ஒரு ஜோடி நின்றது. அப்புறம் நடுவில் ஒன்று. ஒருவர் மேல் ஒருவர் போட்ட கை போட்டபடியே இருக்கிறது, கால் மட்டும் நின்றுபோயிற்று. எங்களோடு அரிசியில் முட்டி போட்ட தலைமுறை முழுக்க அங்கே இருந்தது. ரிக்கி லேன் வாயிலிருந்து அவர்கள் அம்மாவின் பேச்சு வருகிறது. ஓர் ஆள் தொப்பியைக் கழற்றினார். மதாம் போதுவான் கல்லாவில் எண்ணிக்கொண்டிருந்த காசை அப்படியே வைத்துவிட்டாள். நான்காவது வரி முடியும்போது தரையில் ஒரு கால் அசையவில்லை.

ஓவி கால்களைத்தான் பார்த்தான். அவன் வாழ்க்கையில் மூன்று ஜோடி பார்த்திருக்கிறான், இரண்டு பார்த்திருக்கிறான். பூஜ்யம் பார்த்ததே இல்லை.

"எந்திரி யூலா, இந்தத் தடவை" என்று பாடினான், சுண்டு விரல் மேலே போயிற்று.

நான் முகங்களைப் பார்த்தேன். சத்தியமாகப் பார்த்தேன். விரலைப் பார்க்காதவன்போல ஊதிக்கொண்டே இருந்திருக்கலாம். முப்பத்தொன்பது வருஷப் பழக்கம், என் வாய் தானாக நின்றது, கண் நோலனிடம் போயிற்று. இரண்டு தட்டு. 'மழை நின்னாச் சொல்லு.' ஹாலில் இருந்தவர்கள் ஒரு கணம் முழித்தார்கள். அப்புறம், பாவிகள், ஆடத் தொடங்கினார்கள். அந்தப் பாட்டுக்கு ஆடித்தான் அவர்களுக்குப் பழக்கம், வேறென்ன செய்வார்கள்? முப்பது நாற்பதாயிற்று. ஓவி அதையும் பார்த்தான்.

அவன் பார்க்காதது ஒன்று உண்டு. யூலா நாற்காலியிலிருந்து எழுந்திருந்தாள். மேசையில் ஒரு கையை ஊன்றி, பாதி எழுந்தபடி. டிரம் தட்டியதும் திரும்ப உட்கார்ந்தாள். கைப்பையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள்.

அதற்கடுத்த ஞாயிறு ஓவி வரவில்லை. அதற்கடுத்ததும் வரவில்லை. பாட்டை விட்டுவிட்டதாக மதாம் போதுவானுக்குச் சொல்லி அனுப்பினான். எழுதுவதையும் விட்டான். நாங்கள் வேறு பையன் ஒருவனைப் போட்டு ஒப்பேற்றினோம்.

ஆனால் லெஸ்டரிடம் அந்த ஒலிப்பதிவு இருந்தது. திங்கட்கிழமை காலையிலேயே அதைக் கேட்டு இருபது பேர் நிலையத்துக்குப் போன் செய்தார்களாம். போட்டான். மறுநாள் அறுபது பேர். அரைப்பாட்டு என்று ஊரே பெயர் வைத்துவிட்டது. ஒன்றரை நிமிஷம் ஓடி, "இந்தத் தடவை" என்றதும் டொக் டொக் என்று இரண்டு தட்டோடு நின்றுவிடும். முதல் தடவையாக ரேடியோவில் லெஸ்டர் அவன் சொந்தப் பெயரைச் சொன்னான்: ஓவி மெலான்சோன்.

இதெல்லாம் ஓவியின் காதுக்குப் போகாமலா இருக்கும்? போயிற்று. போன விதம்தான் கேடு. எங்கள் ஊரில் ஒருவரை நேருக்கு நேர் பாராட்டினால் அவருக்கு ஏதோ சீக்கு வந்திருக்கிறது என்று அர்த்தம். சமையல் நன்றாக இருந்தால், "நாய் தொடலையேன்னு எனக்கு வச்சியா?" என்று கேட்டுவிட்டு மூன்றாவது தட்டு சாப்பிடுவார்கள். டயர்க் கடை ஹூலன் இவனைக் கண்டதும் ஆரம்பித்தான்.

"ஏம்ப்பா ஓவி, ‘இந்தத் தடவை’ என்னதான் ஆச்சு? முடிச்சுத் தொலையேன். என் பொண்டாட்டி ரேடியோ முன்னாடி நின்னு மூக்கைச் சிந்துறா, ஒரு வாரமா சோறு இல்ல."

ஓவி குடித்துக்கொண்டிருந்த காபியைத் தரையில் ஊற்றிவிட்டு வந்துவிட்டான். தீவனக் கடையிலும் அதே. கோவில் படியில் பாதிரியாரே, "பாவமன்னிப்பாவது முழுசா கேப்பியா, அதுவும் பாதியா?" என்றார். பூஜ்யம் வாங்கிய பாட்டை வைத்து ஊரே தன்னைக் கிழிக்கிறது என்று முடிவு கட்டிவிட்டான். என்னைத் தவிர இதை உடைத்துச் சொல்ல ஆளில்லை. போனேன். அவன் டிரக்கின் இஞ்சின் மூடியைத் திறந்து வைத்து எதையோ நோண்டிக்கொண்டிருந்தான்.

"மச்சான், அவங்க நின்னு கேட்டாங்கடா."

"கேக்கறதுக்குக் கோவில் இருக்கு. ஹாலுக்கு ஆடத்தான் வருவாங்க."

"அழுதாங்கடா!"

"நல்ல பாட்டுன்னா அழுதுகிட்டே ஆடுவாங்க. ‘மழை’க்கு ஆடலையா? நீ அக்காவுக்காகச் சொல்ற, போ."

யூலாவிடம் போனேன். நீயாவது சொல்லேன் என்றேன்.

"சொல்லாம இருப்பனா? தனக்காக நான் பொய் சொல்றேனாம்."

"அந்தச் சீட்டு அவன்கிட்டதான் இருக்கும். வாங்கிப் படிச்சுரு."

அக்கா என்னை ஒரு பார்வை பார்த்தாள். "ரசீதைப் படிக்கச் சொல்றியா? நான் என்ன காஸ் கம்பெனியா? எந்திரின்னு சொன்னான். எந்திரிச்சேன். மீதிய அவன்தான் சொல்லணும்."

மூன்று வருஷம் இப்படிப் போயிற்று. அவன் நாளைக்கு இருநூறு மைல் ஓட்டினான், காஸ் போட வேண்டிய வீடு இருந்தாலும் இல்லாவிட்டாலும். ஓடையோரச் சாலையில் காலியாகப் போகிற டிரக்கைப் பார்த்தவர்கள் வந்து சொல்வார்கள். பாட்டு வராத இஞ்சினை வைத்துக்கொண்டு எங்கே போகிறான் என்று எனக்குப் பயமாக இருந்தது.

தொண்ணூற்றொன்பது அக்டோபரில் கல்யாணமாகி நாற்பது வருஷம். மகள் ஜனெல் டெக்சாஸிலிருந்து வந்து மதாம் போதுவான் ஹாலைப் பேசிவிட்டாள். நாற்பதாம் வருஷத்துக்குக் கல்யாணச் சடங்கையே திரும்பச் செய்வது எங்கள் வழக்கம், ஊர்வலமாக ஹாலைச் சுற்றி வந்து முதல் வால்ட்ஸ் ஆட வேண்டும். ஓவி முதலில் வர மறுத்தான். பிறகு ஒரு நிபந்தனை போட்டான்.

"வரேன். நான் பாட மாட்டேன். அந்தப் பாட்டையும் எவனும் பாடக் கூடாது. சத்தியம் பண்ணு."

"எங்க ஆளுங்க ஒருத்தரும் பாட மாட்டோம். சத்தியம்" என்றேன். பாட மாட்டோம் என்றுதான் சொன்னேன். ஊத மாட்டேன் என்று சொல்லவில்லை.

ஞாயிறு மத்தியானம். வாசலில் இறால் அண்டாவில் கொதித்துக்கொண்டிருந்தது. முந்நூறு பேர் இருப்பார்கள். ஓவி கழுத்துப்பட்டையை இழுத்துக்கொண்டே இருந்தான், கண் கதவுக்கும் ஜன்னலுக்கும் போய்ப் போய் வந்தது. யூலா அதே நீல உடுப்பு. இருவரும் ஊர்வலமாக ஒரு சுற்று வந்து நடுத்தரையில் நின்றார்கள். எல்லோரும் சுவரோரம் ஒதுங்கினார்கள். அவன் அவள் இடுப்பில் கையை வைத்தான். நான் ஊதத் தொடங்கினேன்.

இரண்டாவது தாளத்திலேயே அவனுக்குத் தெரிந்துவிட்டது. என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே, அதை இன்னமும் என்னால் மறக்க முடியவில்லை. மைக்கில் யாரும் இல்லை. மதாம் போதுவான்தான் கல்லாவிலிருந்து முதலில் எடுத்தாள், கரகரத்த குரல். "மேடை ஓரம் ஒத்த நாற்காலி." அப்புறம் ஹூலன், அவன் பெண்டாட்டி. அப்புறம் வலப்பக்கச் சுவர், இடப்பக்கச் சுவர். முந்நூறு பேருக்கும் ஒரு வார்த்தை பிசகவில்லை. வாயில் இத்தனை வருஷம் அடைத்துவைத்திருந்த பிரெஞ்சு. கேலி செய்கிறவன் இப்படி மனப்பாடம் செய்ய மாட்டான், அது அந்த மடையனுக்கே புரிந்திருக்கும். புரிந்ததும் பயந்துவிட்டான். கால் கதவுப் பக்கம் திரும்பியது.

அக்கா சொன்னது மேடை வரைக்கும் கேட்டது. "ஓடிப் பாரு. டிரக் சாவி என் பைல இருக்கு."

ஆடினார்கள். நாற்பது வருஷத்துக்கு முன் விட்ட இடத்தைத் தாண்டிப் போனார்கள். ஹால் பாடிக்கொண்டே வந்தது. "எந்திரி யூலா, இந்தத் தடவை."

நின்றுவிட்டது. அதற்கு மேல் ஒருவருக்கும் தெரியாது. ரேடியோவில் அவ்வளவுதானே வரும். முந்நூறு பேரும் வாயை மூடிக்கொண்டு அவனையே பார்த்தார்கள். நான் அந்த ஒற்றைச் சுரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றேன், விட்டால் எல்லாம் போய்விடும் என்று. அறுபது வயது நுரையீரல், கண்ணில் பூச்சி பறந்தது. பழக்க தோஷம், என் கண் அவன் இடது கைக்குப் போயிற்று. சுண்டு விரலைத் தேடினேன். தரையில் ஒரே ஒரு ஜோடி. அவன் கணக்குப்படி பாட்டு செத்திருக்க வேண்டும்.

விரல் தெரியவில்லை. யூலா தன் வலது கைக்குள் அவன் இடது கையை முழுசாக மூடி வைத்திருந்தாள், சுண்டு விரலோடு சேர்த்து.

அவன் குனிந்தான். அவள் காதுக்கு அருகில் வாய் அசைந்தது. மைக் இல்லை, சத்தமாகவும் பாடவில்லை. நான் மூச்சை விட்டுவிட்டு மெட்டைத் தொடர்ந்தேன், நோலன் குச்சியை வைத்துவிட்டுப் பிரஷ்ஷால் டிரம்மைத் தடவினான். கதவோரம் போனார்கள், ஜன்னலோரம் போனார்கள், அந்த மேசையையும் நாற்காலியையும் கடந்து போனார்கள். அவன் கால் இப்படி நிதானமாக வைத்து நான் பார்த்ததே இல்லை. பாட்டு முழுக்க முடிந்தது. எங்கள் ஹால்களில் கைதட்ட மாட்டார்கள் என்று சொன்னேன் அல்லவா? அன்றும் தட்டவில்லை. அத்தனை பேரும் தரையில் இறங்கினார்கள்.

அதற்குப் பிறகு அவன் பன்னிரண்டு வருஷம் இருந்தான். மறுபடி மேடை ஏறினான், புதுப் பாட்டுகளும் எழுதினான், ஏழு ஜோடிக்கு இன்னமும் முறைத்தான். அந்தப் பாட்டை மட்டும் பாடியதில்லை. எவ்வளவு கேட்டும், "அது முடிஞ்சு போச்சு" என்பான். ரேடியோவில் இன்றைக்கும் அரைப்பாட்டுதான் வருகிறது. லெஸ்டரின் மகன் வருஷத்துக்கு ஒரு தடவை யூலாவுக்குப் போன் செய்து மீதியைக் கேட்பான், அவள் வைத்துவிடுவாள்.

போன மாதம் நானும் கேட்டேன். எண்பத்தைந்து வயது எனக்கு, அவளுக்கு எண்பத்தாறு. ஐம்பது வருஷம் ஊதினவன்க்கா, மெட்டு முழுக்க எனக்குத் தெரியும், வார்த்தை தெரியாமல் சாக மனசில்லை என்றேன்.

அக்கா காபியை என் பக்கம் நகர்த்தி வைத்தாள்.

"உன்னையா எந்திரின்னு பாடினான்?" என்றாள்.